நாலாவது உருண்டை

கொதிக்கிற உலையில் ராகி மாவைக் கொட்டிக் கோலால் கிண்டும்போது எழும் அந்தக் கனத்த, லேசாகத் தீய்ந்த வாசனை எங்கிருந்தாவது வந்தால், இன்றைக்கும் எனக்குப் பசி வருவதில்லை, கோபம்தான் வருகிறது.

குருபரப்பள்ளியில் பஸ் நிற்கும் இடத்துக்கு எதிரே எங்கள் வீடு. ஐம்பதுகளில் மழை பொய்த்த ஒரு வருஷம். எனக்கு ஒன்பது வயது. அம்மா களியை இறக்கி, கையை நனைத்துக்கொண்டு ஆளுக்கு ஒன்றாக உருட்டி வைப்பாள். எங்கள் பக்கத்தில் கன்னடம் கலந்து அதை "முத்தே" என்போம். அப்பாவுக்கு, அண்ணனுக்கு, எனக்கு, கடைசியில் தனக்கு என்று நாலு. தம்பி கைக்குழந்தை, அவனுக்கு அம்மாவின் பால்தான். சோறென்றால் தண்ணீர் ஊற்றிக் கஞ்சியாக்கி இன்னொருவருக்கும் ஊற்றலாம். களியில் அந்தச் சமாளிப்பெல்லாம் நடக்காது, உருண்டை சிறுத்தால் வட்டிலில் விழுந்ததுமே தெரிந்துவிடும்.

அந்த வீட்டில்தான் பாகலூரிலிருந்து மாமா வந்து இறங்கினார், அப்பாவின் அக்காளைக் கட்டியவர். கிருஷ்ணகிரி கோர்ட்டில் அவருக்கு ஒரு வரப்புத் தகராறு. வருகிறேன் என்று ஒரு கார்டு போட்டதில்லை. வாய்தா முடிந்தாலும் கிளம்பமாட்டார், "அடுத்ததையும் பாத்துட்டே போறேன்" என்று துண்டை உதறிக் கொடியில் போடுவார். எங்களுக்கு அவர் "வாய்தா மாமா".

ஆள் கூடியதே தவிர வீட்டில் மாவு கூடவில்லை. அம்மா நாலுதான் உருட்டினாள். நாலாவது மாமாவின் வட்டிலுக்குப் போனது. உனக்கு இருக்கிறதா என்று அவர் கேட்காமலில்லை, வாய் நிறையக் களியோடு கேட்பார். அம்மாவும் "உள்ள இருக்குதுங்கண்ணா" என்பாள். உள்ளே சட்டியில் ஒட்டிய காந்தல்தான் இருந்தது. அதைச் சுரண்டித் தண்ணீரில் கரைத்துக் குடித்தாள். பத்து நாளில் தம்பிக்குப் பால் வற்றிவிட்டது. அவன் சப்பிச் சப்பிப் பார்த்து வீறிட்டு அழ, வயிற்று நோவாக இருக்கும் என்று மாமா வைத்தியம் சொல்வார். அப்பா தலை நிமிராமல் சாப்பிட்டுக்கொண்டிருப்பார். அவர்மேல்தான் எனக்கு இன்னும் அதிகக் கோபம்.

ஒரு மத்தியானம் நான் சொல்லிவிட்டேன்.

"மாமா, அம்மா நாலுதான் உருட்டுது. நீங்க தின்றது அம்மாளோடது. உள்ள ஒண்ணுமே இல்ல."

அப்பா கன்னத்தில் விட்ட அறையைக்கூட மன்னித்துவிட்டேன். அம்மா செய்ததைத்தான் என்ன செய்வதென்று இன்றுவரை தெரியவில்லை. நான் இன்னும் கை வைக்காத என் உருண்டையை எடுத்து அவள் மாமாவின் வட்டிலில் வைத்தாள். "சின்னப் புள்ள, மனசுல வெச்சுக்காதீங்கண்ணா" என்றாள். அவர் முறைத்துக்கொண்டு ஊருக்குப் போனால் அங்கே அத்தைக்கு அடி விழும் என்று அவளுக்குத் தெரியும். மாமா அதையும் தின்றார். என்னைப் பார்த்துக்கொண்டே, கொள்ளுக் குழம்பில் தோய்த்துத் தோய்த்து, நிதானமாகத் தின்றார்.

இப்போது அந்தச் சாலையெங்கும் கம்பெனிகள். வருகிறவர்கள் முதல் நாளே போன் செய்துவிட்டு, வழியில் சாப்பிட்டும் வந்துவிடுகிறார்கள். அந்தக் காலத்து விருந்தோம்பல் செத்துப்போயிற்று என்று கல்யாண வீடுகளில் உட்கார்ந்து பெருமூச்சு விடும் பெரிய மனிதர்களைப் பார்த்தால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. யார் வட்டிலிலிருந்து எடுத்து உங்களுக்கு வைத்தார்கள் என்று ஒருவராவது யோசித்ததுண்டா? செத்தது நல்லதுதான்.

அம்மா கடைசிக் காலத்தில் ஓசூரில் என் வீட்டில் இருந்தாள். பாத்திரம் நிறையச் சோறிருக்கும். தட்டை முன்னால் வைத்தாலும் கை வைக்காமல் வாசலையே பார்த்துக்கொண்டிருப்பாள்.

"எல்லாரும் தின்னாச்சும்மா, நீ தின்னு. உள்ள இருக்குது" என்பேன்.

அவள் நம்பமாட்டாள். சுவரைப் பிடித்து எழுந்து, அடுப்படிக்குப் போய், மூடியைத் திறந்து தன் கண்ணால் பார்த்துவிட்டு வந்துதான் முதல் வாய் வைப்பாள்.