வாத்தியாருக்காக உட்கார்ந்த காலை

மலாயாவில் வெள்ளைக்காரன் போட்ட அவசரகாலத்தில், லாபு பக்கத்து ரப்பர் தோட்டமொன்றில் எங்கள் லயத்து வீடுகளைச் சுற்றி முள்கம்பி போட்டிருந்தார்கள். நான் தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் ஆறாம் வகுப்பு மாணவி. காட்டுக்குள் இருக்கும் கம்யூனிஸ்டுகளுக்கு அரிசி அனுப்பினார் என்று யாரோ சொல்லி, எங்கள் வாத்தியாரைப் போலீஸ் பிடித்துப்போய் மூன்று நாளாகியிருந்தது.

வகுப்புக்குப் போகவேண்டாம், அவரை விடும்வரை வாசலில் உட்காருவோம் என்று சொன்னது நான்தான். பதினேழு பிள்ளைகள் உட்கார்ந்தோம். சிலேட்டில் ‘எங்கள் வாத்தியாரை விடுங்கள்’ என்று எழுதி மடியில் வைத்துக்கொண்டேன். கொஞ்ச நேரம் சிரித்துக்கொண்டுகூட இருந்தோம்.

தோட்டத்துக் கணக்கெழுதும் கிராணி ஆபீஸிலிருந்து ஓடிவந்தார். “எந்திரிங்கலா! அஞ்சு பேரு கூடுனாலே புடிச்சிட்டுப் போவான். உங்க அப்பன் ஆத்தாள லயத்த விட்டே வெரட்டிருவாங்க!”

யாரும் எழவில்லை. தைரியமெல்லாம் இல்லை, பயத்தில் கால் வரவில்லை. அவர் திரும்பிப்போய்ப் போன் செய்தார்.

போலீஸ் லாரி வந்தது. துப்பாக்கியோடு குதித்தார்கள். சின்னப் பிள்ளைகள் அழத் தொடங்கினார்கள். என் பக்கத்திலிருந்தவள் பாவாடையிலேயே போய்விட்டாள். ஈரம் என் கால்வரை வந்தும் நான் நகரவில்லை. அதிகாரி சிலேட்டைப் பிடுங்கி மலாயில் ஏதோ கேட்டார்.

“யாரு எழுதினதுன்னு கேக்கிறாரு” என்றார் கிராணி.

நான் சிலேட்டுக்குச்சியைப் பாவாடைக்கடியில் மறைத்துக்கொண்டேன்.

அதற்குள் அம்மா பால்வெட்டிலிருந்து ஓடிவந்துவிட்டாள். கையெல்லாம் ரப்பர் பால். “நான்தாங்க எழுதினேன். புள்ளைங்கள உக்காரச் சொன்னதும் நான்தான்.”

அம்மாவுக்கு எழுதத் தெரியாது. அவளிடம் கைநாட்டு வாங்குகிறவரே கிராணிதான். அவர் என்னைப் பார்த்தார். பிறகு அம்மா சொன்னதை அப்படியே மலாயில் சொன்னார்.

லாரியில் ஏறும்போது, “தம்பிக்குக் கஞ்சி குடுத்திரு” என்று மட்டும் அம்மா சொன்னாள்.

நான்காம் நாள் மாலை நடந்தே திரும்பினாள். உதடு வெடித்து, முகம் வீங்கியிருந்தது. அப்பா கேட்டதற்கு, “ஒண்ணுமில்ல, பசிக்குது” என்றாள். சோறு போட்டுக் கொடுத்தேன். எழுதியது நான் என்று அப்பாவிடம் அவளும் சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை.

வாத்தியாரை இந்தியாவுக்குக் கப்பலேற்றிவிட்டதாகப் பிறகு கேள்விப்பட்டோம். அடுத்த வாரம் புது வாத்தியார் வந்தார். நாங்கள் உள்ளே போய் உட்கார்ந்தோம்.