சுவரைப் பார்த்துக் கூப்பிட்ட விருத்தாம்பாள்

விருத்தாசலம் பழைய கோர்ட்டில் இருபத்திரண்டு வருஷம் பேர் கூப்பிட்டவர் விருத்தாம்பாள். டவாலி வேலை. தோளில் சிவப்புப் பட்டை, அதில் ஒரு பித்தளை வில்லை. வழக்குக்காரன் பேரை மூன்று தடவை கூப்பிட வேண்டும். மூன்றாவதுக்குள் ஆள் உள்ளே போகவில்லையென்றால் வழக்கு தள்ளுபடி. என் வீடு இன்றைக்கு என் கையில் இருப்பது அந்த அம்மாவின் ஒரு கூப்பாட்டால். அதனால்தான் எட்டாவது தாண்டாத நான் பேனாவைப் பிடித்திருக்கிறேன்.

அவர் வீட்டுக்காரர் அதே கோர்ட்டில் வேலை பார்த்துச் செத்துப்போனார். அந்த வேலையைத்தான் இவருக்குக் கொடுத்தார்கள். குரல் மெலிசு. கட்டடமோ அந்தக் காலத்துக் கட்டடம். செங்கல்லும் சுண்ணாம்புமாக இரண்டு முழத்துக்குச் சுவர். நாலு ஆள் ஒருவர்மேல் ஒருவர் நின்றாலும் எட்டாத உயரத்தில் தேக்கு உத்திரம். துணி விசிறி தொங்கவிட்ட இரும்பு வளையங்கள் இன்னும் அதில் இருக்கின்றன. எந்த வருஷம் கட்டியது என்று முகப்பில் ஒரு கல் உண்டு. வெள்ளையடித்து வெள்ளையடித்து எழுத்து மூடிப்போயிற்று. வெயிலுக்கு அவ்வளவு குளிர்ச்சியான இடம் ஊரிலேயே கிடையாது. ஆனால் வாசலில் நின்று கூப்பிட்டால் சத்தம் மேலே போய் உத்திரத்தில் உட்கார்ந்துகொள்ளும், வெளியே வராது.

வேலைக்குச் சேர்ந்த முதல் வாரமே அவர் கூப்பிட்டது கேட்காமல் வேப்பூர்க்காரர் ஒருவரின் வழக்கு போய்விட்டது. அந்த ஆள் வாசலில் நின்று மண்ணை வாரித் தூற்றினாராம். மறுநாளிலிருந்து மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் விருத்தாம்பாள் தாழ்வாரத்தில் ஒவ்வொரு தூணாக நின்று கூப்பிட்டுப் பார்த்திருக்கிறார். வேப்பமரத்தடியில் டீ விற்கும் ஆராயி, கேட்டால் கையைத் தூக்க வேண்டும். பத்து நாள் கை ஏறவில்லை. பதினோராவது நாள், மேற்குக் கோடியில் இரண்டு வளைவு சேர்கிற மூலையில் நின்றபோது கை ஏறியிருக்கிறது. அதுவும் முற்றத்தைப் பார்த்துக் கூப்பிட்டால் கேட்காது. முற்றத்துக்கு முதுகைக் காட்டி, மூலைச் சுவரைப் பார்த்துக் கூப்பிட வேண்டும். வக்கீல்கள் சிரித்தார்கள். சுவருக்குச் சம்மன் அனுப்புகிறார் என்று கேலி பேசினார்கள். அவர் கண்டுகொள்ளவில்லை. ஆனால் அதெல்லாம் சாப்பாட்டு நேரத்து ஒத்திகைதான்; வேலை நேரத்தில் வாசலில் நின்றுதான் கூப்பிட வேண்டும்.

எனக்கு அது அதிசயமாகப் படவில்லை. நான் பீங்கான் சூளையில் வேலை பார்த்தவன். சூளையின் வளைவு நெருப்பை மேலே விடாமல் மடக்கிக் கீழே தள்ளும். அதே வேலையை அந்த மூலை சத்தத்துக்குச் செய்தது. கட்டின கொத்தனாரும் இதை அறிந்திருக்க மாட்டார்.

சூளை வேலைக்கு வருவதற்கு முன்னால் மண் அரைக்கிற உருளைகளின் பக்கத்தில் பதினாறு வருஷம் நின்றேன். அதில் வலது காது போயிற்று, இடது காது பாதி. வெளியே சொன்னால் வேலை போய்விடும் என்று எங்கள் ஆட்கள் யாரும் சொல்வதில்லை. நானும் பெண்டாட்டியிடம்கூடச் சொல்லவில்லை, வக்கீலிடம் எங்கே சொல்வேன்? கருவேப்பிலங்குறிச்சியில் எங்கள் அப்பா விட்டுப்போன மனையைத் தன்னுடையது என்று பங்காளி பச்சமுத்து வேலி போட்டபோது வழக்குக்குப் போனேன். மணவாளநல்லூர் கொளஞ்சியப்பர் கோயிலிலும் சாமியிடம் முறையிட்டுப் பிராதுச் சீட்டு எழுதிக் கட்டினேன். சாமிக்குக் காது கேட்கும். எனக்குத்தான் கேட்கவில்லை. சாட்சி சொல்ல வேண்டிய நாளில் மூன்று தடவையும் என் பேரைக் கூப்பிட்டிருக்கிறார்கள். நான் இருபது அடி தூரத்தில் குத்துக்கல் மாதிரி உட்கார்ந்திருந்தேன். வழக்கு தள்ளுபடி.

வக்கீல் திட்டித் தீர்த்துவிட்டு மனுப் போட்டு வழக்கைத் திரும்ப எடுக்க வைத்தார். இதுதான் கடைசி வாய்ப்பு, இனி கிடையாது என்றார். அன்று படி இறங்கும்போது விருத்தாம்பாள் வழி மறித்தார்.

"அண்ணே, எந்தக் காது?"

நான் ஒதுங்கி இறங்கப் பார்த்தேன்.

"அன்னிக்கி நீங்க உக்காந்துதான் இருந்தீங்க, நான் பாத்தேன். எங்கிட்ட மறைச்சி என்னா ஆவப் போவுது?"

பாதியாவது கேட்கிற இடது காதைத் தொட்டுக் காட்டினேன். அடுத்த வாய்தாவுக்கு வேப்பமரத்தடியில் ஆராயியின் அடுப்புக்குப் பக்கத்திலேயே நிற்க வேண்டும், இடது காது கட்டடத்தைப் பார்த்து இருக்க வேண்டும், குரல் எட்டாவிட்டாலும் வாசலிலிருந்து கையாவது காட்டலாம் என்றார்.

அந்த நாள் வந்தது. பச்சமுத்து நாலு பேரைக் கூட்டிக்கொண்டு வந்து அடுப்பைச் சுற்றி உட்கார்ந்துவிட்டான். என் காது விஷயம் அவனுக்கு எப்படியோ தெரிந்திருந்தது. "எலே சுப்புராயா, தேதி மாறிடிச்சி, வூட்டுக்குப் போ" என்று வாயை மட்டும் அசைத்துக் காட்டினான். கூட இருந்தவர்கள் சிரித்தார்கள். சண்டைக்கு நிற்கிற நேரமா? சைக்கிள் ஸ்டாண்டு ஓரம் ஒதுங்கினேன். நான் ஒதுங்கிய நேரத்தில் வாசலில் நின்று இரண்டு தடவை கூப்பிட்டு முடித்திருந்தார் அந்த அம்மா. எனக்கு ஒன்றும் கேட்கவில்லை.

விருத்தாம்பாள் மரத்தடியைப் பார்த்திருக்கிறார். அங்கே நான் இல்லை. வாசலை விட்டு நகரக் கூடாது என்பது டவாலிக்குச் சட்டம். அவர் தாழ்வாரத்தின் கடைசிவரை நடந்து அந்த மூலைக்குப் போனார். மொத்த முற்றத்துக்கும் முதுகைக் காட்டிச் சுவரைப் பார்த்து என் பேரைக் கூப்பிட்டார்.

யாரோ பக்கத்தில் நின்று காதுக்குள் சொன்ன மாதிரி இருந்தது. செருப்பை விட்டுவிட்டு ஓடினேன். வாசலை விட்டுப் போனதற்கு அவரிடம் விளக்கம் கேட்டார்கள் என்று பிறகு தெரிந்தது. "குரல் எட்டல, அதான் எட்டுற எடத்துக்குப் போனேன்" என்று எழுதிக் கொடுத்தாராம். அதோடு விட்டுவிட்டார்கள்.

போன வருஷம் தீர்ப்பு என் பக்கம் வந்தது. குறை தீர்ந்துவிட்டதால் கொளஞ்சியப்பர் கோயிலில் பிராதைத் திரும்ப வாங்கிக்கொண்டேன். கோர்ட்டும் புதுக் கட்டடத்துக்குப் போய்விட்டது, அங்கே மைக் வைத்துக் கூப்பிடுகிறார்கள். விருத்தாம்பாள் ஓய்வு பெற்றுவிட்டார்.

மனையில் சின்னதாக ஒரு வீடு கட்டினேன். முன்வாசலுக்குக் கான்கிரீட் போடாமல் செங்கல்லில் வளைவு வைக்கச் சொன்னேன். கொத்தனார் கொளஞ்சி முணுமுணுத்துக்கொண்டேதான் வைத்தார். குடிபோன அன்று விருத்தாம்பாள் வந்தார். உள்ளே வராமல் அந்த வளைவுக்குக் கீழே நின்று, சுவரைத் தடவிப் பார்த்துவிட்டு, கோர்ட்டில் கூப்பிடுகிற மாதிரியே என் பேரைக் கூப்பிட்டார்.

முதல் தடவையே கேட்டுவிட்டது. ஆனாலும் மூன்றாவது வரைக்கும் உள்ளேயே நின்றேன்.