கடிகாரத்தைக் காதில் வைத்தவர்

செவ்வாய்க்கிழமை மதியம் நான் வேலை செய்யும் கந்தோருக்குத் தொலைபேசி அழைப்பு வந்தது. சூசை மாஸ்டரின் மகள் பேசினார். "அப்பா காலமை போயிட்டார், அங்கிள்," என்றவர், நான் கேட்பதற்கு முன்பே "வருத்தத்திலதான்" என்றும் சேர்த்துச் சொன்னார். கொழும்பில் இந்த வருடங்களில் ஒரு தமிழர் இறந்தால் நோயில்தான் இறந்தார் என்பதையும் சொல்ல வேண்டியிருக்கிறது. மறுநாள் பொரளை மயானத்தில் அடக்கம் நடந்தது. இதை வாசிக்கும் உங்களில் பலர் வந்திருந்தீர்கள்.

கொட்டாஞ்சேனையில் அவரிடம் கணக்குப் படித்தவர்களுக்கு அவர் வாத்தியார். எங்கள் குழுவின் நாடகங்களைப் பார்த்தவர்களுக்கு அவர் தரகர், தபால்காரர், சிடுமூஞ்சி மாமனார். கதாநாயகனாக அவர் ஒருநாளும் நடித்ததில்லை. உயரம் போதாது என்று பகிடி பண்ணுவோம். அவர் அதைப் பொருட்படுத்தவில்லை. "ரெண்டு நிமிசம் வாறவன்தான் ஐசே, முழுநாளும் வாழ்ந்திட்டு மேடைக்கு வரவேணும்," என்பார்.

இயக்குநராக அவர் ஒரு சட்டம் வைத்திருந்தார். ஒரே காட்சியில் சேர்ந்து வராத இரண்டு பேரைச் சோடியாக்குவார். ஒருவருடைய வசனத்தை மற்றவரும் பாடமாக்க வேண்டும். பொலிஸ் சுற்றிவளைப்பில் ஒருவர் அகப்பட்டால் மற்றவர் இரண்டு பாத்திரத்தையும் செய்வார். "ஆர் எப்ப எங்க நிப்பம் எண்டு தெரியாது. நாடகம் நிக்கக்கூடாது," என்று இதைப் பஸ் நேரம் சொல்வதுபோலத்தான் சொன்னார். வெள்ளவத்தையிலிருந்து மூன்று சோதனைச்சாவடிகளில் பஸ்ஸால் இறங்கி அடையாள அட்டை காட்டி ஒத்திகைக்குப் போய்வந்த எனக்கு அதில் விளங்காதது எதுவுமில்லை. என் சோடி அவர்தான்.

ஒரு நாடகத்தில் அவர் ஓய்வுபெற்ற ரயில் கார்ட். பேசுவதற்கு முன் பையிலிருந்து ஓடாத கடிகாரம் ஒன்றை எடுத்துக் காதில் வைப்பார். ஒத்திகையிலேயே மண்டபம் அடங்கிவிடும். நானோ அதில் கந்தோர் கிளார்க்காக வந்து போகிறவன். அவருடைய பாத்திரத்தில் எனக்கு ஆசை இருந்தது.

அதன் முதல் மேடையேற்றம் ஞாயிறு நாலு மணிக்கு, கோயில் மண்டபத்தில். விடியற்காலையில் அவருடைய வீடு இருந்த ஒழுங்கையைச் சுற்றிவளைத்து, யாழ்ப்பாணத்தில் பிறந்தவர்களையெல்லாம் பொலிஸ் கொண்டுபோய்விட்டது. "மாஸ்டரும் போயிட்டார், இனி நீர்தான்," என்று மண்டப வாசலில் சொன்னார்கள். எனக்கு முதலில் வந்தது சந்தோசம். பயம் அதற்குப் பிறகுதான் வந்தது. இதை எழுத வெட்கமாக இருக்கிறது. போனவர்கள் எல்லோரும் திரும்பி வந்த காலமில்லை அது.

இரண்டையும் செய்தேன். கைதட்டினார்கள். கடைசிக் காட்சியில் பார்த்தால், கசங்கிய சட்டையோடு அவர் கதவடியில் நின்றுகொண்டிருந்தார். விசாரித்து விட்டுவிட்டார்களாம். முடிந்ததும் வந்து, "கடிகாரத்தைக் காதில வைச்சீர், சரி. ஆனா நீர் கேக்கேல்ல," என்றார்.

"அது ஓடாதுதானே மாஸ்டர்?"

"ஓடாததைத்தான் ஐசே, கனநேரம் கேக்கவேணும்."

காலை முதல் எங்கே இருந்தார், என்ன கேட்டார்கள் என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. சில வருடங்கள் கழித்து ஒரு தேநீர்க் கடையில் மனதிலிருந்ததைச் சொல்லிவிட்டேன். "மாஸ்டர், அண்டைக்கு உங்களைப் பிடிச்சிட்டாங்கள் எண்டதும் எனக்குச் சந்தோசமா இருந்தது."

அவர் பணிஸைப் பிய்த்துத் தேநீரில் தோய்த்தார். "தெரியும். உம்மட நடையில தெரிஞ்சுது. ரிட்டயரான மனுசன் அவ்வளவு துள்ளி நடக்கமாட்டான்," என்றார். அதற்குப் பிறகும் அவர் சோடியை மாற்றவில்லை.

அடுத்த மாதம் அதே நாடகத்தை அவர் நினைவாகப் போடுகிறோம். சட்டப்படி இரண்டு பாத்திரமும் எனக்கு. அடக்கம் முடிந்த அன்று மகள் கடிகாரத்தைக் கொண்டுவந்து என் கையில் தந்தார். வீட்டுக்கு வரும் வழியில்தான் ஒன்று உறைத்தது. சோடியாக இருந்த காரணத்தினாலேயே, இத்தனை வருடங்களில் ஒரு காட்சியில்கூட நானும் அவரும் மேடையில் சேர்ந்து நின்றதில்லை. கடிகாரத்தைக் காதில் வைத்துப் பார்த்தேன். இந்தமுறை கனநேரம் கேட்டேன்.