புதுத் தண்டனைக்குப் புது நேர்த்தி

சர்க்கரைப் பொங்கலை எங்கள் வக்கீலம்மா வேண்டாம் என்று ஒதுக்கி நான் பார்த்தது ஒரே ஒரு முறைதான். மெல்பர்னின் கேரம் டவுன்ஸ் கோயிலில் பாற்குடம் எடுத்த கையோடு, ஐஸ்கிரீம் டப்பா நிறையப் பொங்கலுடன் எங்கள் அலுவலகத்துக்கு வந்திருந்தார் ஒரு பெண். சிறையிலிருந்த அவருடைய கணவருக்கு மேல்முறையீட்டில் பழைய தண்டனை ரத்தாகி, கீழ்க்கோர்ட்டு புதிதாகத் தண்டனை விதித்திருந்தது. ஒன்றரை வருடம், ஒரு வருடமாகக் குறைந்துவிட்டது. வேண்டுதல் பலித்த சந்தோஷம் அவருக்கு. குமாஸ்தாவான நான் வக்கீலம்மாவின் பங்கையும் சேர்த்துச் சாப்பிட்டேன்.

வக்கீலம்மாவுக்கோ அந்த ஒரு வருடம்தான் தொண்டையில் முள். குடியுரிமை இல்லாதவருக்கு ஒரு வருடமோ அதற்கு மேலோ சிறை என்றால் விசா போய்விடும். ஒரு மாதம் குறைந்திருந்தால் தப்பித்திருப்பார். வேன் ஓட்டும்போது போனைப் பார்த்து, சாலையைக் கடந்த ஒருவரின் காலை முறித்தவர் அவர். எனக்குத் தண்டனையே வேண்டாம் என்று அவர் ஒருநாளும் சொன்னதில்லை. ஆனால் மனைவியையும் மகளையும் மெல்பர்னில் விட்டுவிட்டுத் தனியாக இலங்கைக்குத் திரும்புவது அந்தத் தண்டனையில் சேர்த்தி இல்லையே.

மேல்முறையீடு ஒரு தடவைதான், அது முடிந்துவிட்டது என்று விவரம் தெரிந்தவர்கள் எல்லாரும் கையை விரித்தார்கள். வக்கீலம்மா யாழ்ப்பாணத்துக்காரர். முடியாது என்று யாராவது சொன்னால்தான் அவருக்கு உற்சாகமே வரும். பழைய தண்டனை அழிந்துவிட்டது, இப்போது ஆளை உள்ளே வைத்திருப்பது புதுத் தண்டனை, அதை எதிர்த்து இன்னும் யாரும் முறையிடவில்லை, ஆகவே இதுதான் முதல் முறை என்று வழி கண்டுபிடித்தார்.

கையெழுத்து வாங்கச் சிறைக்குப் போனோம். அவர் பேனாவைத் தொடவே இல்லை.

“அக்கா, குறைச்சுத் தா எண்டு கடவுளிட்ட கேட்டனாங்கள். குறைச்சுத் தந்திட்டார். மனிசி நேர்த்தியும் செலுத்தீட்டா. இனித் திரும்பிப் போய், இது காணாது, இன்னும் குறை எண்டு சொல்ல எனக்கு முகமில்லை.”

நான் மதுரைக்காரி. நேர்த்திக்கடன் முடிந்தபின் சாமியிடம் பேரம் பேசக்கூடாது என்று வளர்ந்தவள். எனக்கும் அவர் சொன்னது சரியென்றே பட்டது. வக்கீலம்மா மட்டும் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார்.

“தம்பி, நீர் நேர்த்தி வைச்சது பழைய தண்டனைக்கு. அது இப்ப இல்லை. இது புதுசு. இதுக்கு நீர் இன்னும் கோட்டிலயும் கேக்கேல்லை, கடவுளிட்டயும் கேக்கேல்லை.”

அவர் கண்ணை மூடி ஏதோ வேண்டிக்கொண்டார். பிறகு கையெழுத்துப் போட்டார்.

நீதிபதிகளும் ஏறக்குறைய அதையேதான் சொன்னார்கள், கடவுளை மட்டும் விட்டுவிட்டு. தண்டனை பதினொரு மாதமானது. விடுதலையான அன்று, புதிதாக என்ன நேர்த்தி வைத்தீர் என்று வக்கீலம்மா கேட்டார்.

“இனி உன்னட்ட ஒண்டும் கேக்கமாட்டன் எண்டு, அக்கா.”

வக்கீலம்மா இப்போது வழக்குகளை விட்டுவிட்டு, ரோஜாச் செடிகளை அதட்டிக்கொண்டு நிம்மதியாக இருக்கிறார். போன வெள்ளிக்கிழமை நான் கோயிலுக்குப் போனபோது அவருடைய அந்தக் கட்சிக்காரர் அங்கே நின்றார். மகளுக்குப் பரீட்சையாம், மனைவிக்கு முழங்கால் வலியாம்; கண்ணை மூடி நெடுநேரம் வேண்டிக்கொண்டிருந்தார். வீட்டுக்கு வந்ததும் வக்கீலம்மாவுக்குப் போன் போட்டு, உங்கள் ஆள் வாக்குத் தவறிவிட்டார் என்று கோள் சொன்னேன்.

“கேக்கட்டும் பிள்ளை,” என்றார். “மனிசி பிள்ளையோட இருக்கிறவனுக்குத்தான் கேக்கிறதுக்கு இவ்வளவு இருக்கும்.”