எந்த வீடியோம்மா?

"மொத்தம் எத்தனை வீடியோ இருக்கு?"

அந்தத் தாய் இப்படிக் கேட்டபோது நானும் கடை முன்னால் நின்றிருந்தேன். பதில் எனக்கும் தெரியும்.

அவர் கேட்டது ஃபட்சானியிடம். மலாவி ஏரிக்கரைச் சந்தையில், உசிபா கருவாட்டு வரிசையின் கடைசியில் அவருடைய தகரக் கடை. மெமரி கார்டைக் கொடுத்தால் பாட்டும் படமும் ஏற்றித் தருவார். ஆனால் எதைக் கேட்டாலும் திருப்பிக் கேள்வி கேட்பார். "காதல் பாட்டு போடுங்க" என்றால், "கிடைச்ச காதலா, போன காதலா?" என்பார். தேவாலயப் பாடகர் குழுவின் வீடியோவைக்கூட அவர்களிடமே அனுமதி வாங்கித்தான் ஏற்றினார்.

போன மழைக்காலத்தில் படகு கவிழ்ந்து, அந்தக் குழுவில் முன்னால் நின்று பாடும் இளைஞன் மூழ்கிப் போனான். கரையில் நின்ற யாரோ அதைப் படம் பிடித்திருந்தார்கள்.

"அண்ணே, அந்த ஏரி வீடியோவ ஏத்துங்க" என்று பையன்கள் வந்தார்கள்.

"அவன் வீட்டுல கேட்டியா?"

"செத்தவன்கிட்ட எப்படிண்ணே கேக்குறது?"

"அவங்கம்மா இருக்காங்கல்ல. போய்க் கேளு, ஏத்துறேன்."

"ஆமா, பெரிய பிஷப்பு இவரு." சிரித்துக்கொண்டே பக்கத்துக் கடைக்குப் போனார்கள். அங்கே கிடைத்தது.

சில வாரங்கள் கழித்து அவன் தாய் எனெலெசி அம்மாவே வந்தார். இடுப்பில் சுற்றிய சித்தெஞ்சே துணியின் முடிச்சை அவிழ்த்து மெமரி கார்டை நீட்டினார்.

"எம்மவன் வீடியோவ ஏத்திக் குடு தம்பி. ஊருல எல்லார்கிட்டயும் இருக்காமே. என்னைப் பாத்ததும் போனை மறைக்குறாங்க. அழுவேன்னு நினைக்குறாங்க போல."

பழக்கம் ஃபட்சானியை முந்திக்கொண்டது. "எந்த வீடியோம்மா?"

அப்போதுதான் அவர், மொத்தம் எத்தனை வீடியோ இருக்கு என்று கேட்டார். மீன் கூறுகட்டும் பெண்களும் தலையைக் குனிந்துகொண்டார்கள். அம்மா எங்கள் முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தார்.

"தண்ணியிலயா?"

"எங்கிட்ட இல்லம்மா. நான் ஏத்தல."

"பாத்திருப்பல்ல. என்னைக் கூப்பிட்டானா?"

"காத்துச் சத்தம் மட்டுந்தாம்மா கேக்குது."

அது உண்மையா என்று நான் சொல்லப்போவதில்லை.

"பாடுறது மட்டும் போதும்" என்றார். ஃபட்சானி ஏற்றிக் கொடுத்தார். அம்மா கார்டை மறுபடி முடிந்துகொண்டு போனார். இதுவரை போட்டுப் பார்க்கவில்லையாம். மகன் வாய் திறந்தாலே தண்ணீர்தான் தெரியும் என்று பயப்படுகிறார்.

ஃபட்சானி அன்றைக்கே கடையைச் சாத்திவிட்டு, ஒவ்வொருவரிடமும் போய் அழிக்கச் சொல்லிக் கெஞ்சினார். சிலர் அழித்தார்கள். "லிலாங்வேயில இருக்குற எங்க அத்தைக்கே போயிடுச்சு, இனி அழிச்சு என்ன?" என்றார்கள் சிலர். அந்தக் கடையில் இப்போது வேறொருவர் தக்காளி விற்கிறார். ஃபட்சானி மீன் கூடை சுமக்கிறார். பார்க்கும்போதெல்லாம் என்னிடம் ஒன்றேதான் சொல்வார்: "எந்த வீடியோன்னு கேட்டிருக்கக் கூடாது. பாட்டைப் போட்டுக் காட்டி, இதுதானேம்மான்னு கேட்டிருக்கணும்."

தாயின் பெயரை மாற்றியிருக்கிறேன். மகன் பெயரை எழுதவே இல்லை, தேடுவீர்கள் என்பதால். அந்த வீடியோ உங்களிடம் வந்தால் அங்கேயே நிறுத்துங்கள். அதற்குப் பதிலாக, தயவுசெய்து இதை அனுப்புங்கள்.