கிணற்றுக்குள் கடல் இருக்கிறதா?

நோர்வேயில் குழாய்த் தண்ணீரை அப்படியே குடிக்கிறார்கள். அழுக்குத் தண்ணீரைத்தான் பூட்டி வைக்கிறார்கள். ஊரிலிருப்பவர்களுக்கு இது வேடிக்கையாக இருக்கும். நான் வேலை செய்யும் ஆய்வுகூடத்துக்குப் பனி ஏரி, பாலைவனச் சுனை, ஆழ்கடல் என்று உலகெங்கிருந்தும் போத்தல்கள் வருகின்றன. தண்ணீரை வடித்து, அதிலுள்ள கண்ணுக்குத் தெரியாத உயிர்களின் மரபணுக்களை வாசித்து, அங்கே யார் யார் வாழ்கிறார்கள் என்று பட்டியல் எடுப்பார்கள். பதிவேடு என் பொறுப்பு. இடம், நேரம், ஆழம் மூன்றில் ஒன்று விடுபட்டாலும் போத்தலை உள்ளே எடுக்கமாட்டேன்.

இதை எங்கள் கடலோர ஊரான பாலமுனையிலிருக்கும் என் அக்காவிடம், ராத்தாவிடம், ஒருநாள் தொலைபேசியில் சொன்னேன். சுனாமி அவருடைய கணவரை, என் மச்சானை, கொண்டுபோனது. அவர் வெட்டிய கிணற்றையும் உப்பாக்கியது. பலமுறை இறைத்து, சில மாரிகளும் கடந்து, உப்பு நாக்கில் தெரியாமல் போன பிறகும் ராத்தா அதைக் குடிக்கவில்லை. மூடிவிடலாம் என்று மகன் சொல்லிக்கொண்டிருந்தான்.

“கடல் தண்ணியில தொழுகைக்கு வுளு எடுக்கலாம். ஆனா அவர எடுத்த கடல நான் குடிக்க மாட்டன். உள்ள இன்னும் இரிக்கா எண்டு பாத்துச் சொல்லு. இரிந்தா மூடுறன்.”

ஊருக்குப் போய்வந்த நண்பர் ஹனீபா முதல் போத்தலைக் கொண்டுவந்தார். சில வாரங்களில் எங்கள் தலைமை ஆய்வாளர் இங்க்ரிட் பட்டியலோடு வந்தார். “உங்கள் கிணற்றுக்குப் பல் இருக்கிறதா?” என்றார். ஏதோ கிணற்றின் அமைப்பைக் கேட்கிறார் என்று நினைத்து, “இல்லை, சீமெந்துக் கட்டு” என்றேன். பட்டியலில் இருந்ததெல்லாம் மனித வாயில் வாழ்பவை. ஹனீபாவைக் கேட்டேன். யுத்தகாலச் சோதனைச் சாவடியில், தண்ணீர்தான் என்று நிரூபிக்க ஒரு மிடறு குடித்துக் காட்டச் சொன்னார்களாம்.

கிணற்று உயிர்கள் எங்கே போயின? ராத்தாவிடம் கேட்டேன்.

“கொதிக்க வெச்சு, துணியில வடிச்சுத்தானே தந்தன்.”

“அள்ளினபடி அனுப்புங்க, ராத்தா.”

“வடிக்காத ஊத்தத் தண்ணியையா? வெள்ளக்காரன் நம்மள என்ன நினைப்பான்?”

யுத்தம் முடிந்தபின் இரண்டாவது போத்தல் வந்தது. வழியில் யாரும் அதைத் திறக்கச் சொல்லவில்லை. ராத்தா கயிற்றால் ஆழம் அளந்து, காலை ஆறு மணி என்று நேரமும் எழுதியிருந்தார். இம்முறை பட்டியல் நீளமாக இருந்தது. பெரும்பாலும் மண்ணிலும் நன்னீரிலும் வாழ்பவை. கடைசியில் கடலில் வாழ்பவை சில. கொதித்துச் சிதைந்தால் தவிர, செத்தவற்றின் மரபணுவையும் இயந்திரம் வாசித்துவிடும். சொல்ல வேண்டியதை நாட்குறிப்பில் எழுதிப் பார்த்துவிட்டுத்தான் தொலைபேசியை எடுத்தேன்.

“கடல்ட கொஞ்சம் இரிக்கி, ராத்தா. உயிரோடயா எண்டு சொல்ல ஏலாது.”

“சுனாமிக்கு முந்தி எவ்வளவு இரிந்த?”

“தெரியா. அப்ப ஆரும் எடுத்து வைக்கல்ல.”



“மச்சான் கிணறு வெட்டக்குள்ளயும் கடல் இந்தத் தூரத்திலதானே இரிந்த. அப்பயும் கொஞ்சம் இரிந்திரிக்கும். அதத்தானே அவரு குடிச்ச” என்றார் ராத்தா. “போன வெக்காத, இரி. தேத்தண்ணிக்கு அள்ளிட்டு வாறன்.”

தொலைபேசியைக் கிணற்றுக்கட்டில் வைத்திருக்க வேண்டும். வாளி தண்ணீரில் விழும் சத்தம் கேட்டது.

போத்தலில் மிஞ்சியது ஆய்வுகூட உறைபெட்டியில் பனி ஏரிக்கும் பாலைவனச் சுனைக்கும் நடுவில் உறைந்திருக்கிறது. இடம் பாலமுனை, எடுத்தவர் ராத்தா, வைத்திருப்பவர் நான் என்று லேபல் ஒட்டியிருக்கிறேன். அங்கே கிணறு அடுத்த மாரியோடு மாறிவிடும். என்னிடமிருப்பது அன்று காலை ஆறு மணிக்கு அள்ளிய தண்ணீர்.