ஒன்றரை மணிக்கு நிமிர்ந்த முடி

உங்கள் முன்கையில் முடி சிலிர்த்து நிற்கும்போது "படு" என்று கட்டளையிட்டு அதைப் படுக்க வைக்க உங்களால் முடியுமா? முயன்று பாருங்கள். கையை மடக்குவீர்கள், விரலை நீட்டுவீர்கள், முகத்தைச் சுளிப்பீர்கள். அந்தத் தசைகளெல்லாம் உங்கள் பேச்சைக் கேட்கும். முடியின் வேரைப் பிடித்து இழுக்கும் தசை மட்டும் கேட்காது. உயிரோடிருக்கும் உங்களுக்கே அடங்காத அந்தத் தசை, செத்துப்போன ஒருவரின் தோலில் ஏறி நின்று சாட்சி சொன்னதாக நம்பினார்கள் சிலர். நம்பி, ஒரு தாயிடமிருந்து நான்கு வயதுப் பெண் குழந்தையைப் பிரித்து வைத்துக்கொண்டார்கள். அந்தச் சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்தவர் வக்கீல் அல்ல, பிணவறை உதவியாளர்.

ஆஸ்பத்திரியில் அவரை 'ஃப்ரீசர் அக்கா' என்றுதான் எல்லோரும் கூப்பிடுவார்கள். பிணவறையின் ஆறு குளிர்ப்பெட்டிகளுக்கும் சாவி அவரிடம் இருப்பதால் வந்த பெயர் என்று புதிதாக வருகிறவர்கள் நினைப்பார்கள். பெயருக்குக் காரணம் அவர் முகம். எதிரில் நிற்பவர் எவ்வளவு பெரிய ஆளாக இருந்தாலும், எவ்வளவு கத்தினாலும், பஸ் எத்தனை மணிக்கு என்று கேட்டவருக்குப் பதில் சொல்வதுபோலச் சொல்வார்.

பிணவறைக்கு வருமுன் பதினோரு வருடம் அவர் மருத்துவக் கல்லூரியின் ஸ்லைடு அறையில் இருந்தார். தரை கூட்டத்தான் வேலைக்கு எடுத்தார்கள். சீவல் எந்திரத்தில் உட்கார வேண்டியவர் மாதத்தில் பாதி நாள் லீவில் இருந்ததால், கூட்ட வந்தவர் சீவக் கற்றுக்கொண்டார். மெழுகில் பதித்த சதைத் துண்டைக் கத்தி சீவச் சீவ, வெங்காயத் தோலைவிட மெல்லிய நாடா ஒன்று நீண்டு வரும். அதை வெந்நீரில் மிதக்கவிட்டுக் கண்ணாடியில் ஏந்த வேண்டும். ஈரல் சொன்னபடி கேட்கும். சிறுநீரகம் கேட்கும். தோல்தான் முரண்டு பிடிக்கும். ஏனென்றால் முடி நேராக வளர்வதில்லை, சாய்ந்து வளர்கிறது. துண்டு எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்று பார்க்காமல் மெழுகில் படுக்க வைத்தால், கண்ணாடியில் வெறும் வளையங்கள்தான் கிடைக்கும். சாய்வு பார்த்து நிறுத்தி வைத்துச் சீவினால் வேரிலிருந்து நுனிவரை ஒரே முடி தெரியும். அதிர்ஷ்டம் இருந்தால், பக்கத்தில் ஒரு மெல்லிய சாய்கோடும் தெரியும்.

அதுதான் மயிர் நிமிர்த்தும் தசை. ஒரு முனை தோலின் மேலடுக்குக்குச் சற்றுக் கீழே, மறு முனை முடிப்பையின் நடுப்பகுதியில் இருக்கும் சிறு புடைப்பில். இரண்டுக்கும் இடையே உள்ள மூலையில் எண்ணெய்ச் சுரப்பி உட்கார்ந்திருக்கும். குளிரிலோ பயத்திலோ நரம்பு ஏவிவிட்டால் தசை சுருங்கும். சாய்ந்து கிடந்த முடி எழும், அதைச் சுற்றியுள்ள தோல் சின்னக் குன்றாக மேலே வரும். கண் இமை முடிக்கு இந்தத் தசை கிடையாது. அதனால் எந்தப் பேய்க்கதையிலும் யாருக்கும் இமை சிலிர்த்ததில்லை.

மாணவர்கள் அந்தப் பெயரைப் படித்துவிட்டு வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பார்கள். அக்கா சிரித்ததில்லை.

"என்ன சிரிப்பு? தலையில இருக்கும்போது எண்ணெய் தடவிச் சீவுறீங்க, புத்தகத்துல இருந்தா மட்டும் கெட்ட வார்த்தையா?"

அவர் கேட்டது நியாயம்தான். சிலிர்ப்பு, புல்லரிப்பு, மெய்சிலிர்ப்பு என்று நம்மிடம் எத்தனை சொற்கள்! அத்தனையும் உணர்ச்சியின் பெயர்கள். தசைக்கென்று இருக்கும் பெயர் இது ஒன்றுதான், அதைச் சொல்லத்தான் நமக்கு வெட்கம்.

ஸ்லைடு அறையிலிருந்து அவர் போக நேர்ந்ததற்கும் இந்தத் தசையே காரணம். துறைத் தலைவர் புதிதாக ஒரு பெரிய தோல் படம் அச்சிட்டு வகுப்பறையில் மாட்டினார். அதில் முடி வலப்பக்கம் சாய்ந்திருந்தது, தசை இடப்பக்கம் இருந்தது. அக்கா ஸ்லைடு பெட்டியோடு உள்ளே வந்தவர் நின்று பார்த்தார்.

"சார், தசை பக்கம் மாறியிருக்கு. முடி எந்தப் பக்கம் சாயுதோ அந்தப் பக்கம்தான் இருக்கும். இப்படி இருந்து இழுத்தா முடி எழுந்திருக்காது, இன்னும் நல்லாப் படுத்துக்கும்."

அறுபது மாணவர்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். துறைத் தலைவர் பதில் சொல்லவில்லை. அடுத்த வாரம் மாற்றல் உத்தரவு பதில் சொன்னது. படம் அப்படியே தொங்கியது. சரியாகச் சொன்னவர் பிணவறைக்குப் போனார். படித்தவர் தப்பு செய்தால் அச்சுப் பிழை, கூட்டுகிறவர் திருத்தினால் ஒழுங்கீனம். நம் நிறுவனங்களின் எழுதாத சட்டம் இது.

ஸ்லைடு அறையிலிருந்து அவர் கொண்டுவந்தது ஒரு பழக்கம். அங்கே எதையும் பென்சிலில்தான் எழுதுவார்கள். ஸ்லைடைக் கழுவும் சாராயத்தில் பேனா மை கரைந்து ஓடிவிடும், பென்சில் கரையாது. பிணவறையிலும் ஒரு நீள நோட்டில் பென்சிலால் கட்டம் போட்டார். வந்த நேரம், தாடை, கழுத்து, கை, கால், கடைசியாக முடி. வந்ததும் ஒரு முறை, இரண்டு மணி நேரம் கழித்து ஒரு முறை, எது விறைத்திருக்கிறது என்று பார்த்துக் குறிப்பார். யாரும் கேட்கவில்லை. யாரும் படிக்கவும் இல்லை. ஒன்பது வருடத்தில் நான்கு நோட்டுகள் நிறைந்தன.

ஒரு நாள் முற்பகல் பதினொன்று இருபதுக்கு ஒரு உடல் வந்தது. முப்பத்தாறு வயது ஆண். காலை பத்து மணிக்குச் சற்று முன் வீட்டில் டீ கேட்டிருக்கிறார். மனைவி கொண்டுவருவதற்குள் நாற்காலியிலிருந்து சரிந்துவிட்டார். தூக்கி வந்தவர் இறந்தவரின் அண்ணன். சரக்குக் கிடங்கில் மூட்டை தூக்குபவர்களுக்கு மேஸ்திரி, ஆள் வாட்டசாட்டம். அன்று பிணவறையில் அக்கா தனி ஆள் என்பதால், தம்பியின் சட்டையைக் கழற்ற அவரே கை கொடுத்தார். கழற்றிவிட்டு, தம்பியின் முன்கையை மேலும் கீழும் தடவிக்கொண்டே அழுதார். அக்கா அவரை வெளியே உட்கார வைத்துவிட்டுக் கட்டத்தை நிரப்பினார்: தாடை தளர்வு, முடி படிந்திருக்கு.

ஒன்றரை மணிக்கு மறுபடி பார்த்தபோது தாடையும் கழுத்தும் விறைத்திருந்தன. கையிலும் தொடையிலும் முடி நிமிர்ந்து, தோல் முழுக்கப் பொரிப்பொரியாக இருந்தது. அதையும் குறித்தார். இரண்டு மணிக்கு டாக்டர் வந்தார். இதயக் குழாயில் அடைப்பு என்று கண்டார். தோலைப் பற்றியும் ஒரு வரி சொன்னார், கிளார்க் குறித்துக்கொண்டார். நான்கு மணிக்கு உடலை வாங்க வந்த அண்ணன் துணியை விலக்கிப் பார்த்து அலறினார்.

"முடியெல்லாம் நட்டுக்கிட்டு நிக்குதே! பயத்துலல்ல செத்திருக்கான்! அந்தப் பாவி என்னத்தைக் காட்டினாளோ!"

பத்து நாள் கழித்து ஒரு பெண் பிணவறை வாசலில் வந்து நின்றார். இறந்தவரின் மனைவி. கையில் பிரேதப் பரிசோதனை அறிக்கையின் நகல்.

"அக்கா, இதுல ஒரு வரி போட்டிருக்கு. பயத்தால் ஏற்பட்ட சிலிர்ப்புன்னு. முந்தின நாள் எங்களுக்குள்ள சண்டை, அது தெருவுக்கே தெரியும். நான்தான் என்னமோ பண்ணி பயமுறுத்திட்டேன், அதுல நெஞ்சு நின்னு போச்சுங்கிறாங்க. பாப்பாவை, அன்னிக்கு இவரைத் தூக்கிட்டு வந்தாரே மச்சாண்டார், அவர் வீட்டுல வெச்சுக்கிட்டாங்க. கொலைகாரிகிட்டப் புள்ளையை விட முடியாதாம். பேப்பரே சொல்லுதேங்கிறாங்க. நான் என்னத்தைச் சொல்ல?"

அக்கா அந்த வரியை இரண்டு முறை படித்தார். "இங்கேயே உட்காரும்மா" என்று சொல்லிவிட்டு அலுவலகத்துக்குப் போனார்.

"சார், டாக்டர் சொன்னதை அப்படியே அடிச்சீங்களா?"

"எதை?" என்றார் கிளார்க்.

"'மயிர் நிமிர்த்தும் தசைகள் இறுகியுள்ளன'ன்னு சொன்னார். பக்கத்துலதான் நின்னேன்."

கிளார்க் சுற்றுமுற்றும் பார்த்தார். "கொஞ்சம் மெதுவாப் பேசும்மா, லேடீஸ் இருக்காங்க."

"நான் யாரு சார்?"

"அதில்லைம்மா. அந்த வார்த்தையை எல்லாம் ஆபீஸ் பேப்பர்ல அடிக்க முடியுமா? டீசன்டா மாத்தினேன்."

"சிலிர்ப்புன்னு மாத்தினீங்க, சரி. பயம் எங்கேயிருந்து வந்துச்சு?"

"பின்னே? சிலிர்ப்பு எதுல வரும்? செத்தவன் பாட்டுக் கேட்டா சிலிர்த்தான்?"

"செத்தவன் எதைக் கேட்டும் சிலிர்க்கலை சார். செத்ததாலதான் சிலிர்த்துச்சு."

"டாக்டர் கையெழுத்துப் போட்டாச்சு. நீ போய் உன் பெட்டியைப் பார்."

அன்று வீட்டில், பஸ் ஓட்டிவிட்டு வந்து சாப்பிட உட்கார்ந்த கணவரிடம் அக்கா விஷயத்தைச் சொன்னார். வழக்கமாகச் சாப்பாட்டு வேளையில் பிணவறைப் பேச்சை அவர் அனுமதிப்பதில்லை. அன்று கேட்டுக்கொண்டார்.

"போன தடவை வாயைத் திறந்ததுக்கே தூக்கி அடிச்சாங்க. ஞாபகம் இருக்கில்ல?"

"இருக்கு. இங்கேயிருந்து எங்க மாத்துவாங்க? பெட்டிக்குள்ளயா?"

கணவர் சிரித்துவிட்டார். "அப்போ நோட்டை எடுத்துட்டுப் போ. சும்மா போகாதே."

மறுநாள் டாக்டர் தன் கையெழுத்துக்கு மேலே இருந்த வரியைப் படித்து முகம் சிவந்தார். தினமும் நீட்டப்படும் காகிதக் கட்டில் அதுவும் ஒன்று. படிக்காமல் போட்டிருக்கிறார்.

"தப்புதான். ஆனா சாவுக்குக் காரணம் அடைப்புன்னு தெளிவா இருக்கே. இந்த ஒரு வரி என்ன பண்ணிடும்?"

"ஒரு குழந்தையைத் தூக்கிட்டுப் போயிருச்சு சார்."

டாக்டர் நிமிர்ந்து உட்கார்ந்தார். "திருத்திக் கொடுத்துடலாம். ஆனா அந்த அண்ணன்காரர் கண்ணால பார்த்திருக்காரே, பேப்பரைத் திருத்தினா நம்புவாரா? நான் பார்த்தது ரெண்டு மணிக்கு. அது எப்போ நிமிர்ந்துச்சுன்னு எனக்கே தெரியாது."

"எனக்குத் தெரியும் சார்" என்று அக்கா நோட்டை மேசைமேல் வைத்தார்.

வெள்ளிக்கிழமை டாக்டர் இரு தரப்பையும் வரவழைத்தார். அண்ணன் நாற்காலி நிறைய உட்கார்ந்திருந்தார். மனைவி சுவரோரம் நின்றார், உட்காரச் சொன்னபோதும் உட்காரவில்லை. டாக்டர் விளக்கினார்: தசைக்குச் சுருங்க மட்டுமல்ல, தளரவும் சக்தி வேண்டும். உயிர் போன பிறகு அந்தச் சக்தி கொஞ்சம் கொஞ்சமாகத் தீரும். தீர்ந்ததும் தசை இறுகி அப்படியே நிற்கும். தாடைத் தசை இறுகினால் வாய் திறக்காது. முடித் தசை இறுகினால் முடி நிமிரும். அதற்குப் பயம் தேவையில்லை.

"அதெல்லாம் படிச்சவங்க பேச்சு. என் கண்ணு பொய் சொல்லுமா?"

"நீங்க பார்த்தது நாலு மணிக்குங்க" என்றார் அக்கா. "வந்தப்போ முடி படிஞ்சுதான் இருந்துச்சு. இதோ, பதினொண்ணு இருபது. நிமிர்ந்தது ஒன்றரைக்கு."

அண்ணன் நோட்டைத் தன் பக்கம் திருப்பினார். "பென்சில்ல எழுதியிருக்கு. இதை நேத்துகூட அழிச்சு எழுதலாம். அவ உங்களுக்கு என்ன வேணும், சொந்தமா? பெட்டி திறக்கிறவங்க சொல்லி என் தம்பி எப்படிச் செத்தான்னு நான் தெரிஞ்சுக்கணுமா?"

டாக்டர் வாயைத் திறந்தார். அக்கா அதற்குள் நோட்டை மூடிவிட்டார்.

"சரிங்க, நோட்டு வேண்டாம். உங்க கையைக் கேட்கிறேன். அன்னிக்குச் சட்டையை நீங்கதானே கழட்டினீங்க?"

"ஆமா."

"கழட்டிட்டுத் தம்பி கையைத் தடவினீங்க. ரொம்ப நேரம் தடவினீங்க. அப்போ தோல் எப்படி இருந்துச்சு? சொரசொரன்னு இருந்துச்சா?"

அண்ணன் தன் வலது உள்ளங்கையை விரித்துப் பார்த்தார். மூட்டை தூக்கிக் காய்த்துப்போன கை. சுவரோரம் நின்ற பெண் புடவை முந்தானையை இறுக்கிப் பிடித்திருந்தார். இந்த ஒரு ஆள் ஒரு பொய் சொன்னால் போதும், அவர் மகள் அந்த வீட்டிலேயே வளர்ந்து, அம்மா கொலைகாரி என்று கற்றுக்கொள்வாள்.

"வழவழன்னுதான் இருந்துச்சு" என்றார் அண்ணன். குரல் இறங்கியிருந்தது. "சின்னப் பையன் கை மாதிரி இருக்கேன்னு நினைச்சேன். அதை நினைச்சுத்தான் அழுதேன்."

"அப்போ உயிர் போய் ஒரு மணி நேரத்துக்கு மேல ஆச்சு. பயத்துல நிமிர்ந்திருந்தா உங்க கைக்குத் தெரிஞ்சிருக்கும்ல?"

அவர் சட்டைப்பையிலிருந்து போனை எடுத்து வீட்டுக்குப் பேசினார். "பாப்பாவுக்குச் செருப்பு மாட்டிவிடு. துணியெல்லாம் ஒரு பையில போட்டு வை. அவங்கம்மா வர்றாங்க." போனை வைத்துவிட்டு யாரையும் பார்க்காமல் வெளியே போனார். தம்பி மனைவியிடம் ஒரு வார்த்தை மன்னிப்புக் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும்.

திருத்திய அறிக்கையில் கிளார்க் அந்தச் சொல்லை ஒழுங்காக அடித்துக் கொடுத்தார், பக்கத்து மேசைக்குத் தெரியாமல் திரையை மறைத்துக்கொண்டு. வகுப்பறையில் அந்தப் படம் இன்னும் தொங்குகிறது, தசை இன்னும் தப்பான பக்கத்தில். அக்கா இன்னும் பிணவறையில்தான் இருக்கிறார், அதே பதவியில், ஐந்தாவது நோட்டில்.

நமக்கு வருவோம். ஒரு சாவு வீட்டில் யாராவது ஒருவர், கண் திறந்திருக்கிறது, கை முறுக்கியிருக்கிறது, முடி நட்டு நிற்கிறது என்று பிணத்தைக் காட்டி, உயிரோடிருப்பவர் ஒருவர்மேல் பழி போடுவார். பெரும்பாலும் அந்த ஒருவர் பெண்ணாகத்தான் இருப்பார். நீங்களும் அந்தக் கூட்டத்தில் நின்றுகொண்டிருப்பீர்கள். அப்போது தலையைக் குனிந்துகொண்டு நகராதீர்கள். "நீங்க எத்தனை மணிக்குப் பார்த்தீங்க?" என்று எல்லோருக்கும் கேட்கும்படி கேளுங்கள். பதில் வரும்வரை அங்கேயே நில்லுங்கள்.